நோட்டீஸ் கொடுத்த அன்றே உலை வைக்க வேண்டும்: தொழிற்சங்கத் தலைவர்களுக்கு ஒரு திறந்த மடல்

பெறுநர்: தமிழ்நாட்டில் இயங்கும் மத்தியத் தொழிற்சங்கங்களின் மாநில நிர்வாகிகளும், நெய்வேலி நிரந்தர, சொசைட்டி (கூட்டுறவுச் சங்கம் வழி வேலை பார்ப்போர்), ஒப்பந்தத் தொழிலாளர் சங்கங்களின் பொறுப்பாளர்களும்

மதிப்பிற்குரிய தோழர்களே,

தொழிலுறவுச் சட்டத் தொகுப்பு 2025 நவம்பர் 21 முதல் நடைமுறைக்கு வந்துவிட்டது. அதை எதிர்த்து நீங்கள் பேசுவது சரி. நாங்களும் உடன் நிற்கிறோம். ஆனால் அது இருக்கும் வரை எந்தத் தொழிலிலும் 14 நாள் முன்னறிவிப்பு இல்லாமல் வேலையை நிறுத்த முடியாது. ஹாடோஸ் சாலை சாஸ்திரி பவனில் சமரச அதிகாரி முதல் கூட்டத்தைக் கூட்டிவிட்டால், சமரச நடவடிக்கை முடிந்து 7 நாள் ஆகும் வரையிலும் முடியாது. பாதிப் பேர் சேர்ந்து ஒரே நாளில் தற்செயல் விடுப்பு எடுத்தால் அதுவும் வேலைநிறுத்தக் கணக்கில்தான் சேரும். இந்த 14 நாளை வாயிற்கூட்டத்துக்கும் சுவரொட்டிக்கும் மட்டும் செலவழிக்காதீர்கள் என்று கேட்கவே இம்மடல். அனல்மின் நிலையக் கோல் யார்டுகளில் (கரி குவித்து வைக்கும் தளங்களில்) வேலை பார்த்தவர்கள், தொழிலாளர் வழக்கு நடத்துபவர்கள், பொதுச் சமையலில் கரண்டி பிடித்தவர்கள் சேர்ந்து சென்னையிலிருந்து எழுதுகிறோம்.

பிரிட்டிஷ் சுரங்கத் தொழிலாளர்களின் 1984-85 போராட்டத்தை மேடைகளில் அடிக்கடி சொல்கிறீர்கள். பிரதமர் தாட்சர் வருகிறார், சுரங்கத் தொழிலாளர் சங்கத் தலைவர் ஸ்கார்கில் வருகிறார், ஆர்கிரீவ் வயலில் குதிரைப் போலீஸ் பாய்ந்த 1984 ஜூன் 18 வருகிறது. கரிக் குவியல் வருவதில்லை, சாப்பாட்டுக் கூடமும் வருவதில்லை. அந்தப் போராட்டம் ஓராண்டு நின்றதற்கும் கடைசியில் தோற்றதற்கும் காரணம் தேடினால் இந்த இரண்டு இடங்களில்தான் போய் நிற்க வேண்டியிருக்கிறது.

1981-ல் சுரங்கங்களை மூடப் போவதாக அறிவித்த தாட்சர் அரசு, வேல்ஸில் வேலை நின்றதும் சில நாளிலேயே பின்வாங்கியது. கையிருப்புக் கரி போதவில்லை, அவ்வளவுதான். அடுத்த மூன்று ஆண்டும் குவித்தார்கள். என்ன செய்ய வேண்டும் என்பதை 1970-களின் இறுதியிலேயே தாட்சர் கட்சியின் ரிட்லி அறிக்கை எழுதி வைத்திருந்தது: மின்நிலையங்களில் இருப்பை ஏற்று, இறக்குமதிக்கு வழி செய், சங்கத்தில் சேராத லாரி ஓட்டுநர்களைப் பிடித்து வை, கரியிலும் எண்ணெயிலும் எரியும்படி கொதிகலனை மாற்று, வேலைநிறுத்தக்காரர் குடும்பத்துக்குப் போகும் அரசு உதவியை வெட்டு, நினைத்த இடத்துக்கு ஓடும் போலீஸ் படையை வை. 1984 மார்ச்சில் சுரங்க வாயில்களிலும் மின்நிலையங்களிலும் சேர்த்து 5 கோடி டன்னுக்கு மேல் கரி கிடந்தது. மார்ச் என்பது அங்கே குளிர் விலகி மின்தேவை சரியும் மாதம். நாட்டிங்ஹாம்ஷயர் சுரங்கங்கள் வேறு ஓடிக்கொண்டிருந்தன. அடுத்த குளிர்காலத்திலும் விளக்கு அணையவில்லை.

நெய்வேலிக் கணக்கு வேறு. பழுப்பு நிலக்கரியில் பாதி தண்ணீர்; கிலோவுக்குச் சுமார் 2,600 கிலோகலோரிதான் கிடைக்கும். வெட்டிக் குவித்து வைத்தால் காய்ந்து உதிர்ந்து தானாகவே தீப்பிடிக்கும். மாதக்கணக்கில் சேமிக்கிற பொருள் இல்லை அது. அதனால்தான் மின்நிலையங்களே சுரங்க வாசலில் நிற்கின்றன. 7 அலகுகள் கொண்ட 1,470 மெகாவாட் இரண்டாம் அனல்மின் நிலையம் முழுச்சுமையில் ஓடினால் நாளொன்றுக்கு 35,000 முதல் 40,000 டன் வரை தின்னும். கன்வேயர் நின்றால் பங்கரில் (கொதிகலனுக்குக் கரி ஊட்டும் தொட்டியில்) இருப்பது எத்தனை ஷிப்டுக்கு வரும் என்று உங்கள் ஆட்களே சொல்வார்கள்.

இதை வைத்துத்தான் ‘நெய்வேலி நின்றால் தமிழகம் இருளும்’ என்கிறீர்கள். முப்பது ஆண்டுக்கு முன் அது பொருந்தியிருக்கலாம். இப்போது சத்தீஸ்கரின் ராய்கரிலிருந்து தமிழ்நாட்டின் புகளூருக்கு 800 கிலோவோல்ட் நேர்மின்தடம் வந்துவிட்டது. கொள்ளளவு 6,000 மெகாவாட். நெய்வேலி நிலையங்கள் அனைத்தும் சேர்ந்தே ஏறத்தாழ 3,400 மெகாவாட்தான், அதிலும் கேரளம், கர்நாடகம், ஆந்திரம், தெலங்கானா, புதுச்சேரிக்குப் பங்கு போகிறது. அன்று யார்க்ஷயரில் கரிமேடாகக் கிடந்த இருப்பு இன்று நமக்குப் புகளூரில் கம்பி வழியாக வருகிறது.

அடுத்தது பருவம். 2024 மே 2 அன்று மாநிலத்தின் உச்சத் தேவை 20,830 மெகாவாட்டைத் தொட்டது. அப்படிப்பட்ட சித்திரை மாலையில் ஆயிரம் மெகாவாட் குறைந்தால் மின்வாரியம் விழி பிதுங்கும். ஆனால் ஜூன் முதல் செப்டம்பர் வரை ஆரல்வாய்மொழியிலும் பல்லடத்திலும் காற்றாலைகள் சுழலும்போது அதே ஆயிரம் மெகாவாட் யார் கண்ணிலும் படாது. பிரிட்டனுக்கு மார்ச் எப்படியோ நமக்கு ஆடி அப்படி. ‘2013 ஜூலையில் வென்றோமே’ என்பீர்கள். நெய்வேலி நிறுவனத்தின் 5 சதவீதப் பங்கு விற்பனையை எதிர்த்த அந்தப் போராட்டம், 3.56 சதவீதப் பங்கைத் தமிழ்நாடு அரசு நிறுவனங்களே வாங்கிக்கொள்ளும் என்ற ஏற்பாட்டில் முடிந்தது. அது கோட்டையில் கிடைத்த வெற்றி. கோட்டை உங்கள் பக்கம் நிற்காத ஆண்டில் அதே மாதத்தைத் தேர்ந்தெடுத்தால் என்ன ஆகும் என்பதையும் எண்ணிப் பாருங்கள்.

ஆகவே நோட்டீஸ் நாள் ஒன்றிலேயே ஒருவரைக் கணக்குக்கு உட்கார வையுங்கள். மத்திய மின்சார ஆணையம் ஒவ்வொரு மின்நிலையத்தின் கரி இருப்பையும் தினந்தோறும் வெளியிடுகிறது. சுரங்கத்திலிருந்து தொலைவில் உள்ள நிலையங்களுக்கு 20 முதல் 26 நாள், சுரங்க வாசல் நிலையங்களுக்கு 12 முதல் 17 நாள் இருப்பு என்பது விதி. வடசென்னை, வல்லூர், மேட்டூர், தூத்துக்குடி நான்கையும் பாருங்கள். 210 மெகாவாட் கரி அலகு ஒன்று நாளைக்கு 3,000 முதல் 3,500 டன் எரிக்கும். 70,000 டன் கப்பல் ஒன்று வந்தால் அப்படிப்பட்ட மூன்று அலகுகளுக்கு ஒரு வாரம் தாங்கும். நோட்டீஸ் காலத்தில் எண்ணூர் காமராஜர் துறைமுகத்தில் வழக்கத்தைவிடக் கப்பல் கூடுகிறதா என்று துறைமுகச் சங்கத் தோழர்கள் சொல்லிவிடுவார்கள். கூடினால், எதிர்த் தரப்பு நீண்ட நாளுக்குத் தயாராகிறது என்று பொருள்.

பம்பு விஷயத்தில் ஒளிவு மறைவு வேண்டாம். நெய்வேலிப் படுகைக்கு அடியில் அழுத்தத்தோடு நிற்கும் ஊற்றுநீரை இரவு பகலாக இறைத்தால்தான் சுரங்கத்தின் தரை நிற்கும். பம்பு நின்றால் தரை மேலெழும்பும், தண்ணீர் ஏறும், மண்ணையும் கரியையும் வெட்டும் பக்கெட் வீல் எந்திரங்கள் மூழ்கும். ஐப்பசி, கார்த்திகை மழையில் இன்னும் வேகமாக நடக்கும். திறந்து கிடக்கும் கரிமுகத்தில் தண்ணீர் அடிக்காவிட்டால் புகையத் தொடங்கும். ஸ்காட்லாந்தின் போல்கெம்மட் சுரங்கத்தில் 1984-ல் பாதுகாப்பு வேலை தொடர்பான தகராறில் வெள்ளம் ஏறியது. அதன் பிறகு அங்கே யாரும் கரி வெட்டவில்லை. நிர்வாகத்தின் மேல் பழி போடலாம். திரும்பிப் போக வேலை இருக்காது. பம்புக்கும் தீயணைப்புக்கும் ஷிப்டுக்கு எத்தனை பேர், யார் யார் என்ற பட்டியலைச் சங்கமே தயாரித்து, கையெழுத்திட்டு, நோட்டீஸோடு இணைத்துக் கொடுங்கள். பாதுகாப்பு வேலைக்குப் போகிறவருக்குச் சம்பளம் வரும். அதில் ஒரு பங்கைப் போராட்ட நிதிக்குக் கொடுக்க அவரிடம் முன்கூட்டியே ஒப்புதல் வாங்குங்கள். வாங்காவிட்டால் மூன்றாம் வாரம் ‘உனக்கென்ன, சம்பளம் வருகிறது’ என்ற பேச்சு கிளம்பும்.

வாக்கெடுப்பைத் தவிர்த்த விலையை ஸ்கார்கில் தரப்பு கடைசி வரை கொடுத்தது. நாடு தழுவிய ரகசிய வாக்கெடுப்பு நடக்காததையே நாட்டிங்ஹாம்ஷயர்க்காரர்கள் வேலைக்குப் போகக் காரணமாகச் சொன்னார்கள். அதையே பிடித்து வேலைக்குப் போன சிலர் நீதிமன்றம் ஏற, அபராதம் வந்தது, 1984 அக்டோபரில் சங்கத்தின் சொத்தே முடக்கப்பட்டது. கடைசியில் 1985-ல் தனிச் சங்கமும் பிறந்தது. வாக்கெடுப்பு நடந்திருந்தால் வென்றிருக்கும் என்று எங்களில் பலர் நினைக்கிறோம், சிலர் இல்லை என்கிறார்கள். நடத்தாததால் வந்த நட்டத்தைப் பற்றி எங்களுக்குள் தகராறு இல்லை.

இதற்கு இங்கிலாந்து வரை போக வேண்டாம், பெரம்பூரே போதும். பின்னி ஆலைத் தொழிலாளர்கள் 1918 ஏப்ரலில் சென்னைத் தொழிலாளர் சங்கம் கண்டார்கள். அச்சங்கத் தலைவர்கள் மேல் கம்பெனி உயர்நீதிமன்றத்தில் தடையாணையும் நட்டஈடும் வாங்கியது. அந்த வழக்கின் சூடு 1926 தொழிற்சங்கச் சட்டம் வரை போனது. 1921-ல் மாதக்கணக்கில் நீண்ட வேலைநிறுத்தத்தில் ஆதிதிராவிடத் தொழிலாளர்கள் வேலைக்குத் திரும்பியதும் புளியந்தோப்பில் குடிசைகள் எரிந்தன, துப்பாக்கிச் சூடு நடந்தது. பசி தாங்கும் சக்தி எல்லா வீட்டிலும் ஒன்றுபோல் இல்லை என்பதை யாரும் முதலில் கணக்கிடவில்லை என்பது எங்கள் கணிப்பு. இன்று நெய்வேலியில் நிரந்தரத் தொழிலாளியும் ஒப்பந்தத் தொழிலாளியும் ஒரே வாயிலில் கோஷம் போட்டாலும் பத்தாம் தேதி இருவர் வீட்டிலும் ஒன்றுபோல் விடிவதில்லை. ஒப்பந்தத் தொழிலாளிக்கும் வாக்கு வேண்டும். நிதியும் சங்க அட்டையைப் பார்த்துப் போகாமல் வீட்டு நிலையைப் பார்த்துப் போக வேண்டும்.

இனி வீட்டுக் கணக்கு. பிரிட்டனில் சங்கம் வேலைநிறுத்தப் படி கொடுக்கவில்லை. மறியலுக்குப் போனவருக்கு மட்டும் ஏதோ சில்லறை. ஆனால் சங்கம் கொடுத்ததாகவே வைத்துக்கொண்டு, குடும்பத்துக்கான அரசு உதவியில் வாரம் 15 பவுண்டைச் சட்டப்படி கழித்தார்கள், பிறகு 16 ஆக்கினார்கள். கம்பெனிக் கரி நின்றதும் குளிருக்குக் கழிவுமேட்டைத் தோண்டப் போனார்கள். 1984 நவம்பரில் கோல்ட்தார்ப்பில் அப்படித் தோண்டிய இரண்டு சிறுவர்கள் மண் சரிந்து இறந்தார்கள்.

இங்கே அரசு அரிசியை வெட்ட முடியாது. பெரும்பாலான குடும்பத்துக்கு மாதம் 20 கிலோ ரேஷன் அரிசி வேலைநிறுத்தத்திலும் வரும். சர்க்கரைக்கும் ரத்த அழுத்தத்துக்கும் ஆரம்ப சுகாதார நிலையத்தில் மாத்திரை கிடைக்கும். நம் வீடுகளை உடைப்பது தவணை. அதிலும் பெண்கள் பேரில் வாங்கிய குழுக் கடன். வாரம் ஒரு நாள் சென்டர் மீட்டிங், அதாவது தவணை வசூலிக்கும் குழுக் கூட்டம். ஒருவர் கட்டாவிட்டால் மற்றவர்கள் சேர்ந்து கட்ட வேண்டும். ஆண்கள் வாயிலில் நிற்கும் அதே காலையில் தெருவில் பத்துப் பெண்கள் ஒருத்தி வீட்டு வாசலில் நின்று ‘உன் பணத்தையும் நாங்களா கட்டுவது’ என்று கேட்டுக்கொண்டிருப்பார்கள். பத்துப் பேர் வீட்டிலும் வேலைநிறுத்தம்தான். இரண்டாம் வாரத்திலேயே இது தொடங்கிவிடும், ஆண்கள் மட்டுமே உட்காரும் போராட்டக் குழுவின் காதுக்கு எட்டுவது ஐந்தாம் வாரத்தில்.

நோட்டீஸ் காலத்தில் தெருவுக்கு இரண்டு பெண்களை அமர்த்தி, யாரிடம் கடன், எந்தக் கிழமை, எவ்வளவு தவணை என்று ஒரு நோட்டில் எழுதச் சொல்லுங்கள். ஒரே நிறுவனத்தில் கடன் உள்ளவர்களை ஒன்றாகத் தொகுத்து, மூன்று மாதத் தள்ளிவைப்பு கேட்டுச் சங்கத்தின் கடிதத்தை அதன் குறைதீர் அதிகாரிக்கு முதல் தவணை தவறும் முன்பே அனுப்புங்கள். தவறிய பிறகு போகும் கடிதத்துக்கு மதிப்புக் குறைவு. நகைக்கடனில் வட்டியைக் கட்டிப் புதுப்பித்து வந்தாலே ஏலம் தள்ளும். எனவே நிதியிலிருந்து உதவுவதென்றால் வட்டிக்குக் கொடுங்கள், அசலுக்குக் கொடுக்காதீர்கள். தண்டல்காரர், மீட்டர் வட்டிக்காரர் விஷயத்தில் கடிதம் செல்லாது, ஊர்ப் பெரியவர்களை வைத்து நேரில் பேச வேண்டும். ஜூன் மாதம் பள்ளிக் கட்டணம் என்ற இன்னொரு பூதம் உண்டு.

சமையலுக்கு வருவோம். 500 பேருக்கு மதியம் சாம்பார் சாதம் என்றால் அரிசி 50 கிலோ, துவரம்பருப்பு 15 முதல் 17 கிலோ, காய் 40 கிலோ, எண்ணெய் 5 லிட்டர், புளி 2 கிலோவுக்குச் சற்று மேல், 19 கிலோ வணிகச் சிலிண்டர் ஒன்று, ஒன்றரை. வீட்டுச் சிலிண்டரைப் பொதுச் சமையலுக்குப் பயன்படுத்தாதீர்கள். அதை வைத்தே வழக்குப் போட்டுச் சமையலை நிறுத்துவார்கள். இன்றைய விலையில் தட்டுக்கு 20 ரூபாயை ஒட்டி வரும். ஒரு சமையற்கூடத்துக்கு மாதம் 3 லட்சம். குழந்தைகளுக்குப் பால் பவுடர், நாப்கின், சோப்பு இதில் சேரவில்லை. இவற்றைத்தான் முதல் மாதம் எல்லோரும் மறப்பார்கள். அரிசி தானமாகக் குவியும், பருப்பும் எண்ணெயும் வராது. சென்னைத் தோழர்களுக்கும் ஒரு சொல்: கோயம்பேட்டிலிருந்து காய்கறி லாரி அனுப்பாதீர்கள். 200 கிலோமீட்டர் போய்ச் சேர்வதற்குள் கீரை வாடும், வாடகை காயின் விலையைத் தொடும். பணமாக அனுப்பினால் பண்ருட்டியிலும் வடலூரிலும் வாங்கிக்கொள்வார்கள், கடன் கொடுத்துத் தாங்கும் மந்தாரக்குப்பம் கடைக்காரர்களுக்கும் கொஞ்சம் வியாபாரம் நடக்கும்.

பிரிட்டனில் சமையற்கூடங்கள் வாரக்கணக்கில் எழுந்ததற்கு ஒரு காரணம், ஊர்தோறும் தொழிலாளர் நல மன்றம் ஏற்கெனவே கூடமும் அடுப்புமாக இருந்தது. டன்னுக்கு ஒரு பென்னி வீதம் 1920 சட்டப்படி வசூலித்த நிதியில் வந்த ஏற்பாடு அது. நமக்கு அந்த வசதி இல்லை. டவுன்ஷிப் மண்டபங்கள் நிர்வாகத்தின் கையில். குவார்ட்டர்ஸின் தண்ணீரும் மின்சாரமும் அவர்கள் கையில். ஒப்பந்தத் தொழிலாளர்களில் பெரும்பாலோர் சுற்றுக் கிராமங்களில் இருக்கிறார்கள். எனவே கூடம் வெளியில் அமைய வேண்டும். இங்கேதான் யாரும் வாய்விட்டுப் பேசாத சிக்கல் வரும்: அடுப்பு ஊரிலா, காலனியிலா, கரண்டி யார் கையில்? முதல் நாளே சங்கத் தலைவர்கள் காலனியில் சமைத்ததை வரிசையில் உட்கார்ந்து சாப்பிடாவிட்டால், ஒரு வாரத்தில் இரண்டு அடுப்பாகும், ஒரு மாதத்தில் இரண்டு போராட்டமாகும். சமைக்கும் பெண்களுக்குப் போராட்டக் குழுவில் வாக்கோடு இடம் கொடுங்கள். வேல்ஸிலும் யார்க்ஷயரிலும் கூடங்களை நடத்திய பெண்கள்தான் சில மாதங்களில் மேடையேறி நிதி திரட்டினார்கள்.

பணத்தை எங்கே வைப்பது? 1984 ஆகஸ்டில் தென் வேல்ஸ் கிளையின் பணம் முடக்கப்பட்டபோதும் அடுப்பு அணையவில்லை. சாப்பாட்டுப் பணம் பெண்கள் குழுக்களின் தனிக் கணக்குகளில் இருந்தது. நீங்களும் குடும்ப உதவிக்கெனத் தனிக் கணக்கை, மூன்று கையெழுத்தோடு, நோட்டீஸுக்கு முன்பே தொடங்குங்கள். தனிநபரின் க்யூ.ஆர். அட்டையைப் பரப்பாதீர்கள், ஒரு சந்தேகம் கிளம்பினால் அடைப்பதற்கு வழி இல்லை. வெளிநாட்டுக் குடியுரிமை பெற்ற தமிழர் அன்போடு அனுப்பும் பணத்தைப் பதிவு இல்லாமல் வாங்கினால் வழக்கு வரும். சட்டவிரோத வேலைநிறுத்தத்துக்குப் பண உதவி செய்வதும் புதிய தொகுப்பில் குற்றம். 10,000 முதல் 50,000 ரூபாய் வரை அபராதம், அல்லது ஒரு மாதம் வரை சிறை, அல்லது இரண்டும். வேலைநிறுத்தம் சட்டப்படி சரியாகத் தொடங்குவது உங்களை மட்டும் காப்பதில்லை, சென்னையில் உண்டியல் குலுக்குகிற ஐ.சி.எஃப். ரயில்பெட்டித் தொழிற்சாலைத் தொழிலாளியையும் காக்கிறது. இன்னொரு அனுபவத்தையும் எடுத்துக்கொள்ளுங்கள்: அங்கே ஒவ்வொரு நகரமும் ஒரு குறிப்பிட்ட சுரங்க ஊரைத் தத்தெடுத்தது. பொது நிதி என்றால் இரண்டு மாதத்தில் வசூல் வற்றும். அம்பத்தூருக்கு ஒரு கூடம், பெரம்பூருக்கு ஒன்று, எண்ணூருக்கு ஒன்று என்று பிரித்துக் கொடுங்கள். வாரக் கணக்கு நேராக அவர்களுக்குப் போகட்டும்.

வீடு தளரும் நாளை நிர்வாகம் நம்மைவிட நன்றாக அறியும். 1984 நவம்பர் 19-க்குள் திரும்பினால் கிறிஸ்துமஸுக்கு முன் போனஸோடு சம்பளம் என்றது நிலக்கரி வாரியம். அந்த மாதம்தான் பெரிய அளவில் ஆட்கள் திரும்பினார்கள். இங்கே அது தீபாவளி முன்பணமாக வரும். அந்த வாரத்துக்கென்று நிதியில் தனியாக எடுத்து வையுங்கள். சட்டைத்துணியும் கொஞ்சம் பட்டாசும் வாங்கும் அளவாவது.

கடைசியாக, திரும்பிப் போவதைப் பற்றி. 1985 மார்ச் 3 அன்று 98-க்கு 91 என்ற வாக்கில் அவர்கள் போராட்டத்தை முடித்தார்கள்; மார்ச் 5 அன்று கொடியும் பேண்டு வாத்தியமுமாகச் சுரங்கம் திரும்பினார்கள். ஒப்பந்தம் எதுவும் இல்லை. போராட்டத்தில் வேலையிழந்த நூற்றுக்கணக்கானோர் வெளியிலேயே நின்றார்கள். 170-க்கு மேல் இருந்த சுரங்கங்களில், 1994-ல் தனியார்மயமாகும்போது எஞ்சியவை 15 ஆழ்சுரங்கங்கள். கடைசியான கெல்லிங்லி 2015 டிசம்பரில் மூடியது.

நம்மிடம் வேலைநீக்க உத்தரவு கூடத் தேவைப்படாது. ஒப்பந்தத் தொழிலாளியின் கேட் பாஸைப் புதுப்பிக்காமல் விட்டாலே போதும், காகிதத்தில் தடயமே இருக்காது. எனவே கோரிக்கைப் பட்டியலில் முதல் வரியாக இதைச் சேர்க்கக் கேட்கிறோம்: நோட்டீஸ் நாளில் செல்லுபடியாகும் கேட் பாஸ் வைத்திருந்த அனைவரின் பெயர், பாஸ் எண், ஒப்பந்ததாரர், வேலைப் பிரிவு ஆகியவற்றைக் கொண்ட பட்டியல் நோட்டீஸோடு இணைக்கப்பட்டு, சாஸ்திரி பவனில் பெற்றுக்கொண்டதற்கு முத்திரை வாங்கப்பட வேண்டும், அந்தப் பட்டியலில் உள்ள அனைவரும் முதல் ஷிப்டில் உள்ளே போகும் வரை உடன்பாட்டில் கையெழுத்து இல்லை. பட்டியலைத் தட்டச்சு செய்ய ஆள் வேண்டுமென்றால் சென்னையிலிருந்து அனுப்புகிறோம்.

தோழமையுடன்,
சென்னையிலிருந்து உங்கள் நண்பர்கள்